இடைநாள் விதி

தொடர்ந்து ஒன்பதாவது நாளாக வான்விளக்கு மங்கலாக எரிந்தது. மங்கல் என்றால் இடைநாள். கடை திறக்காது, வழக்கு நடக்காது, தேதி நகராது.

நிலவின் தரைக்கு அடியில் குடைந்த அந்தப் பெருங்குகைக்குள் சூரியன் எட்டிப் பார்த்ததே இல்லை. கூரையில் தொங்கிய ஒற்றை வான்விளக்குதான் வடநாட்டுக்கும் தென்நாட்டுக்கும் பகல். ஏரித் தண்ணீருக்காக அடித்துக்கொண்டு களைத்த இரு நாடுகளும் ஒப்பந்தம் போட்டபோது விளக்கையும் நாட்காட்டியையும் பொதுவில் வைத்தன. பத்தாம் ஆண்டின் கடைசி நாள்வரை போர் இல்லை. அந்த நாள் விடிந்ததும் இரு தரப்பும் கைதிகளை விட்டுவிட வேண்டும். அதன்பின் சுட்டுக்கொள்வதும் வெட்டிக்கொள்வதும் அவரவர் பாடு.

எல்லைக்கோட்டின்மேல் ஒரு சின்ன அறை. அதில் நாட்பொறி. ஒருபுறம் வடநாட்டு நாட்காவலர் நப்பின்னை, எதிர்ப்புறம் தென்நாட்டு நாட்காவலர் உதியன். சாயங்காலம் இருவரும் பொறியின்மேல் உள்ளங்கையை வைத்தால் மறுநாள் இடைநாள். ஒருவர் வைக்காவிட்டாலும் தேதி நகர்ந்துவிடும். விளக்கைப் பழுதுபார்க்கத்தான் ஒப்பந்தம் இதை அனுமதித்தது. விளக்குக்கு ஒரு கேடும் இல்லை. போரைத் தள்ளிப்போட இவர்கள் இருவரும் சேர்ந்து கண்டுபிடித்த பழுது அது. கடைசி நாளுக்கு முந்தின தேதி ஒன்பது நாளாக அங்கேயே நின்றது. தன் ஆள்தான் எதிரியை ஏய்த்துப் படை திரட்ட அவகாசம் பெற்றுத் தருகிறார் என்று இரண்டு தளபதிகளும் நம்பினார்கள். அவர்கள் அறிவு அவ்வளவுதான்.

உதியனின் மகன் முதல் படையணியில் இருந்தான். நப்பின்னையின் கணவன் நன்மாறன் தென்நாட்டுச் சிறையில் இருந்தான். கடைசி நாள் விடிந்தால் அவன் வீட்டுக்கு வருவான், மற்றவர்கள் சாகப் போவார்கள். அதனால் ஒவ்வொரு முறை கை வைக்கும்போதும் அவனிடம் மனசுக்குள் மன்னிப்புக் கேட்பாள். இன்னும் ஒரு நாள் பொறுத்துக்கொள், உயிரோடுதானே இருக்கிறாய் என்பாள். அந்தச் சமாதானத்தில்தான் இத்தனை நாள் அவளுக்குத் தூக்கம் வந்தது.

"கண்ணெல்லாம் சிவந்திருக்கே அண்ணே, தூங்கலையா?" என்றாள் அன்று.

"எங்க தூங்குறது, தங்கச்சி. மச்சான் வந்து உக்காந்திருக்கான். சிறையில சமையல் வேலை அவனுக்கு. இடைநாள்ல அடுப்பு மூட்டுறதில்லையே, ராத்திரி பகலா சீட்டாட்டம்தான்."

சொல்லி முடித்த பிறகுதான் உதியன் நாக்கைக் கடித்துக்கொண்டார்.

"அடுப்பு மூட்டலைன்னா, உள்ள இருக்கிறவங்களுக்கு?"

"தண்ணி உண்டு."

"சோறு?"

அவர் மேசையைப் பார்த்துக்கொண்டு சொன்னார். "நாளுக்கு ஒரு வேளை சோறுன்னு ஒப்பந்தத்துல இருக்கு. இடைநாள்தான் நாளே இல்லையே. உங்க ஊர் சிறையிலயும் இதே கதைதான். இடைநாள் விதியை எழுதினது நீங்கதானே, தங்கச்சி."

ஆமாம், அவள்தான் எழுதினாள். இடைநாளில் எதுவும் நடந்ததாகக் கொள்ளப்படாது. தளபதிகள் குறுக்கே பேசச் சந்து பொந்து விடாமல் அடைத்த வாக்கியம். எழுதிய அன்று தன்னை மெச்சிக்கொண்டாள். தினமும் தன் ஊர்ச் சிறையைத் தாண்டித்தான் இங்கே வருகிறாள். சமையற்கட்டிலிருந்து புகை வரவில்லை என்பதைப் பார்த்திருக்கிறாள். விடுமுறை அமைதி என்று நினைத்துக்கொண்டாள். நினைக்க நினைக்க அவளுக்குத் தன்மேலேயே அருவருப்பு வந்தது.

"உங்களுக்கு எப்பலேர்ந்து தெரியும்?"

"நாலு நாளா."

"சொல்லவே இல்லையே."

"சொன்னா நீங்க கை வைப்பீங்களா?" உதியன் நிமிர்ந்தார். "என் புள்ளைக்குப் பத்தொன்பது வயசும்மா. முதல் வரிசையில நிறுத்தியிருக்காங்க. இன்னைக்கு மட்டும் வைங்க. மச்சான் கால்ல விழுந்தாவது உங்க வீட்டுக்காரருக்கு ஒரு வாய் கஞ்சி கொடுக்கச் சொல்றேன்."

"மத்தவங்களுக்கு?"

அவர் பொறியின் பக்கம் திரும்பினார். அவரைத் திட்ட வேண்டும்போல இருந்தது. அவர் இடத்தில் இருந்திருந்தால் தானும் வாயைத் திறந்திருக்க மாட்டோம் என்றும் தெரிந்தது. உதியன் முதலில் கையை வைத்துவிட்டுக் காத்திருந்தார். நப்பின்னை தன் இரண்டு கைகளையும் மடியில் கோத்துக்கொண்டாள். கெடு முடிந்ததும் பொறி தானாகத் தேதியைப் புரட்டியது. அவர் கையை எடுக்காமல் அழுதார்.

மறுநாள் வான்விளக்கு முழு வெளிச்சத்தோடு விடிந்தது. பாலத்தின் கதவுகள் திறந்தன. கைதிகளில் பாதிப் பேரைத் தூக்கிக்கொண்டுதான் வந்தார்கள். அவர்கள் கடந்து முடியட்டும் என்று இரு கரைகளிலும் படைகள் அணிவகுத்து நின்றன. நன்மாறன் நடந்து வந்தான். வந்ததும் அவள் தோளில் முழுப் பாரத்தையும் போட்டான்.

"பக்கத்துல படுத்திருந்தவன் நேத்து போயிட்டான்" என்றான். "யாரோ நாளைப் புடிச்சு வெச்சிருக்காங்கன்னு உள்ள பேசிக்கிட்டோம். யாருன்னு உனக்குத் தெரியுமா?"

"தெரியாது" என்றாள்.

"யாரா இருந்தாலும் சரி. அவங்க வீட்ல அடுப்பெரியக் கூடாது."

அவள் அவனைத் தாங்கிக்கொண்டு வீடு சேர்ந்தாள். சுவரோரம் உட்காரவைத்து, அடுப்பை மூட்டிக் கஞ்சிக்கு உலை வைத்தாள். அவன் அந்தப் பானையையே பார்த்துக்கொண்டிருந்தான்.

அப்போதுதான் குகை அதிர்ந்தது. முதல் குண்டு வான்விளக்கில் விழுந்தது. எந்தக் கரையிலிருந்து வந்தது என்று யாருக்கும் தெரியவில்லை. பகல் போயிற்று. இனித் தேதியும் கிடையாது. இன்றைய போரில் பிடிபடுபவனுக்குச் சோறு போடவும் அவனை விட்டுவிடவும் ஒரு நாள் வரவே வராது. உதியனின் மகன் இந்நேரம் பாலத்தில் இருப்பான் என்று நினைத்துக்கொண்டாள்.

இருட்டில் அடுப்பு மட்டும் எரிந்தது. உலை இன்னும் கொதிக்கவில்லை.

"அதை அணைச்சிரு" என்றான் நன்மாறன். "வெளிச்சம் தெரிஞ்சா இங்கயும் போடுவாங்க."

அவள் செம்பை எடுத்து அடுப்பில் தண்ணீரை ஊற்றினாள்.