பன்னிரண்டாம் தொகுப்பு

வியாழன், மாலை 4.10. நாகல் நகரில் கரண்ட் வந்தது. காலை ஒன்பது மணியிலிருந்து மாதாந்திரப் பராமரிப்பு. மின்விசிறிகள் சுற்றத் தொடங்கியபோது சோலைமுத்து வீட்டு உள்ளறையிலிருந்து சத்தம் கேட்டது.

"காணோம். பன்னெண்டக் காணோம்."

மனைவி மகேஸ்வரி ஓடி வந்தார். கண்ணாடி அலமாரி திறந்திருந்தது. மேல்தட்டில் பதினொரு புத்தகங்கள். வலது ஓரத்தில் ஒரு புத்தகம் நிற்கும் அளவுக்கு வெற்றிடம்.

வெள்ளி, காலை 10.20. இன்ஸ்பெக்டர் புகார் மனுவை ஏட்டு அறிவுச்செல்வியிடம் நீட்டினார்.

"படக்கதைப் புத்தகம் போச்சாம். போய் சமாதானம் பண்ணிட்டு வாங்க."

மனு ஒரு பக்கம். மகேஸ்வரியின் கையெழுத்து கோடு போட்டதுபோல் இருந்தது. வீட்டு வேலை செய்யும் முத்துப்பேச்சி மேல் சந்தேகம் என்று கடைசி வரி. கீழே கையொப்பத்துக்குத் தாராளமாக இடம் இருந்தது. சோலைமுத்துவின் கையொப்பம் கடைசி வரியின் மேலேயே கிடந்தது.

காலை 10.50. சோலைமுத்துவுக்கு அறுபத்தொரு வயது. ஓய்வுபெற்ற நில அளவையர். பேசும்போது அவர் பார்வை அறிவுச்செல்வியின் காதுக்கு அப்பால் நின்றது. முகம் பார்த்துப் பேசாதவர்களை இருபது வருடமாக ஏட்டு பார்த்து வருகிறார். குறித்துக்கொண்டார்.

"என்ன புத்தகம்?"

"கருஞ்சிறகன். சிறகு மொளச்ச ஒருத்தன் ஊரக் காப்பாத்துற தொடர். நான் எட்டாவது படிக்கிறப்ப மாசம் ஒரு இதழா வந்துச்சு. முடிவு வர்றதுக்கு முந்தி பத்திரிகைய நிறுத்திட்டாங்க. இப்ப ஆறு வருசமா கெட்டி அட்டையில தொகுப்பா போடுறாங்க. வருசத்துக்கு ரெண்டு. பன்னெண்டாவது கடைசி."

"முடிவு அதுலதானா?"

"அதுலதான்."

"படிச்சீங்களா?"

"புதன்கிழமை சாயந்திரம்தான் கூரியர்ல வந்துச்சு. ஞாயித்துக்கிழமை என் சிநேகிதன் சடையாண்டி வருவான். ரெண்டு பேரும் சேந்துதான் படிக்கிறது."

உள்ளறையில் ஜன்னல் இல்லை. வெயில் பட்டால் அட்டை வெளுக்கும் என்று சோலைமுத்துவே செங்கல் வைத்து அடைத்துவிட்டார். விளக்கைப் போட்டார். ஒவ்வொரு புத்தக முதுகிலும் ஒரு கறுப்பு இறகு. பன்னிரண்டும் சேர்ந்தால் விரிந்த சிறகு. பத்து இறகுகளின் நுனி மேலே பார்த்தது. பதினொன்றின் நுனி தரையைப் பார்த்தது. அதற்கப்பால் வெற்றிடம்.

"மத்ததெல்லாம் நீங்க வச்ச மாதிரியே இருக்கா?"

சோலைமுத்து இரண்டடி தள்ளி நின்று அரை நிமிடம் பார்த்தார்.

"அப்படியேதான் இருக்கு."

அறிவுச்செல்வி ஒன்பதாம் தொகுப்பை உருவினார். பத்தும் கூடவே வந்தது.

"மழைக்காலம். அட்டை ஒண்ணோட ஒண்ணு ஒட்டிக்கிடும். பாத்து."

புத்தகத்துக்குப் பின்னால் விரல் நீளத்தில் ஒரு வெள்ளைப் பொட்டலம்.

"பூச்சி மருந்தா?"

"ஈரத்தை உறிஞ்சும். மாத்திரை டப்பாவுக்குள்ள வரும்ல, அது. புத்தகத்துக்கு ஒண்ணு."

"பன்னெண்டாவதுக்கும் வச்சீங்களா?"

"புதன்கிழமையே வச்சிட்டேன்."

அறிவுச்செல்வி எண்ணினார். பொட்டலம் பதினொன்று இருந்தது.

சமையலறையில் மகேஸ்வரி குரலைத் தாழ்த்தினார்.

"முத்துப்பேச்சி ஒம்பதரைக்கு வந்துட்டு பத்தரைக்குப் போனா. நான் பதினொண்ணுக்கு மார்க்கெட் போனேன். வர ஒரு மணி ஆயிருச்சு. நடுவுல சடையாண்டி அண்ணன் வந்துட்டுப் போயிருக்காரு."

"அலமாரிச் சாவி?"

"இந்த ஆணியிலதான் தொங்கும்."

"முத்துப்பேச்சி மேல ஏன் சந்தேகம்?"

"வேற யாரச் சொல்றது? அண்ணனையா சொல்ல முடியும்?"

"வெளிய யார்கிட்டயும் சொன்னீங்களா?"

"அவ வேல பாக்குற மூணு வீட்டுக்கும் நேத்தே போன் போட்டுட்டேன். அவங்களும் உஷாரா இருக்கணும்ல."

பகல் 12.15. முத்துப்பேச்சி தெருமுனை பஸ் நிறுத்தத்தில் உட்கார்ந்திருந்தார். எந்தப் பஸ்ஸுக்கும் எழவில்லை.

"நாலு வீட்டு வேல மேடம். இந்த வீட்டம்மா வராதன்னுட்டாங்க. மத்த மூணு வீட்லயும் காலையில கதவுலயே நிப்பாட்டிட்டாங்க. ஒரு வீட்ல நான் கழுவி வச்ச பாத்திரத்த எண்ணிப் பாக்குறாங்க."

"நேத்து அந்த ரூமுக்குள்ள போனீங்களா?"

"கரண்ட் இல்லாம அதுக்குள்ள போனா கெணத்துக்குள்ள எறங்குன மாதிரி இருக்கும். அதுவுமில்லாம அந்தப் புத்தகத்து மேல தொடப்பத்துக் காத்து பட்டாலே சார் ஆடித் தீத்துருவாரு. எனக்கு எதுக்கு வம்பு?"

"வெள்ளப் பொட்டலம் எதுவும் எடுத்தீங்களா?"

"என்ன பொட்டலம்?" முத்துப்பேச்சியின் முகம் வெளிறியது. "அதையும் காணோமா?"

பகல் 1.40. அகரம். சடையாண்டி செவ்வந்திக் காட்டில் மருந்து தெளித்துக்கொண்டிருந்தார். டேங்கை இறக்கி வைத்துவிட்டு வந்தார்.

"நேத்து எத்தன மணிக்குப் போனீங்க?"

"பன்னெண்டு இருக்கும். மார்க்கெட்ல பூவப் போட்டுட்டுப் போனேன். புத்தகத்தக் காட்டுறான்னேன். கரண்ட் வரட்டும், ஞாயித்துக்கிழமை பாத்துக்கன்னுட்டான். வாசல்ல நின்னு மோரக் குடிச்சிட்டு வந்துட்டேன்."

"பொட்டலம் வைக்கிற பழக்கம் உங்களுக்குத் தெரியுமா?"

"சொல்லிக் குடுத்ததே நாந்தான."

"அப்ப நீங்களும் எடுத்திருக்கலாம்."

சடையாண்டி சிரித்தார். "எடுத்திருக்கலாம். எடுத்து எங்க வைக்க? எங்க வீட்ல கரையான் என்னையே தின்னுரும் போல. அதனாலதான் எங்க ரெண்டு பேரு புத்தகமும் அவன் வீட்ல கெடக்கு. ஒரு புத்தகம் நூலளவு துருத்திக்கிட்டு இருந்தாலும் எனக்குச் சோறு எறங்காது. அவன் என்னையவிட மோசம்."

"எப்படிச் சேந்து படிப்பீங்க?"

"சத்தம் போட்டுத்தான். கருஞ்சிறகன் பேசுறத நான் வாசிப்பேன், வில்லன் பேசுறத அவன். ஒண்ணரை வருசமா ரெண்டையும் என்னையவே வாசிக்கச் சொல்றான். தொண்ட சரியில்லையாம்."

"நேத்து வேற என்ன பேசுனீங்க?"

"கடைசித் தொகுப்பப் பத்தித்தான். முடிவுல இருபத்திரண்டு பக்கம் வசனமே இல்லையாம், வெறும் படமாம். மாப்ள, நம்ம வாய்க்கு லீவு, கண்ணுக்குத்தான் வேலன்னு சொன்னேன்."

"அதுக்கு அவரு?"

சடையாண்டி யோசித்தார். "டம்ளர வாங்கிக்கிட்டு உள்ள போயிட்டான்."

மாலை 3.30. அறிவுச்செல்வி உள்ளறையில் சோலைமுத்துவை உட்காரச் சொன்னார்.

"முத்துப்பேச்சி எடுக்கல சார். எடுத்திருந்தா புத்தகத்த மட்டும் எடுத்துட்டுப் போயிருப்பாங்க. புத்தகத்துக்குப் பின்னாடி இருந்த பொட்டலத்தையும் எடுத்திருக்காங்க. ஈரம் பட்டுறக் கூடாதுன்னு கவலப்பட்ட ஆளு."

"அப்ப சடையாண்டிங்கிறீங்களா?"

"ஒங்க ரெண்டு பேர்ல ஒருத்தர்னு நெனச்சேன். பன்னெண்ட உருவும்போது பதினொண்ணும் ஒட்டிக்கிட்டு வந்திருக்கு. திருப்பி வச்சவரு தலைகீழா வச்சிட்டாரு."

சோலைமுத்துவின் கை அலமாரிப் பக்கம் போய்ப் பாதியில் நின்றது.

"சடையாண்டி கண்ணுல அது படாமப் போகாது. காலையில விளக்கு எரிஞ்சது. ரெண்டடி தூரத்துல நின்னு பாத்துட்டு, அப்படியேதான் இருக்குன்னீங்க."

மேலே மின்விசிறி சுற்றியது.

"எப்ப இருந்து சார்?"

"ஒம்பதாவது தொகுப்புலயிருந்து. நேராப் பாத்தா நடுவுல புகை. ஓரத்துல கொஞ்சம் தெரியும். அத வச்சு நடமாடிருவேன். கண்ணுக்குள்ள ஊசி போட்டாங்க. இனி திரும்பாதுன்னுட்டாங்க."

"வீட்ல தெரியுமா?"

"தெரியாது."

"சடையாண்டிகிட்ட சொன்னா முழுசா வாசிச்சுக் காட்டியிருப்பாரே."

"வசனத்த வாசிப்பான். படத்த எப்படிம்மா வாசிப்பான்?"

அறிவுச்செல்வி மனுவை எடுத்தார்.

"இதுல கையெழுத்துப் போட்டிருக்கீங்க."

"அவ பேரு அதுல இருந்தது எனக்குத் தெரியாது."

"வாசிக்கச் சொல்லியிருக்கலாம்."

"சொன்னா எல்லாம் தெரிஞ்சிருமே."

"இன்னைக்குக் காலையில முத்துப்பேச்சி வேலைக்கு வரல. அப்பத் தெரிஞ்சிருக்கும்ல?"

சோலைமுத்து தலைகுனிந்தார். "தெரிஞ்சது."

வாசலில் டம்ளர் கீழே வைக்கப்படும் சத்தம் கேட்டது. காபி கொண்டுவந்த மகேஸ்வரி அங்கேயே நின்றிருந்தார். எவ்வளவு நேரமாக என்று யாரும் கேட்கவில்லை.

மாலை 5.00. அந்த மூன்று வீடுகளிலும் தானே வந்து சொல்வதாகச் சோலைமுத்து சொன்னார். முத்துப்பேச்சியை வரவழைத்தார்கள். அறிவுச்செல்வியும் சேர்த்து மூவரும் தெருவில் இறங்கினார்கள்.

முதல் வீட்டில் கதவு திறக்கவில்லை. உள்ளே டிவி ஓடிக்கொண்டிருந்தது. இரண்டாவது வீட்டில், ஆள் வைத்துவிட்டோம் என்றார்கள். மூன்றாவது வீட்டுக்காரர் பர்ஹானா முழுவதையும் பொறுமையாகக் கேட்டார்.

"ஒங்களுக்கு எளகுன மனசு சார். அவ பொழப்புப் போயிரக் கூடாதுன்னு பழிய நீங்க ஏத்துக்கிறீங்க."

"இல்லம்மா. எனக்குக் கண்ணு தெரியாது."

"நேத்து எங்க வண்டிக்கு ஒதுங்கி நின்னீங்களே."

"அது ஓரத்துல தெரியும்."

பர்ஹானா சுவரில் தொங்கிய தினசரி நாள்காட்டியைக் காட்டினார். "அதுல என்ன தேதி?"

சோலைமுத்து நேராகப் பார்த்தார். தலையைச் சாய்த்துப் பார்த்தார். "தெரியலம்மா."

"தெரிஞ்சாலும் அதைத்தான சொல்வீங்க." பர்ஹானா முத்துப்பேச்சியைப் பார்க்காமல் சொன்னார். "போலீசோட வீடு வீடா கூட்டிட்டு வந்தா நாங்க என்ன நெனைக்கிறது மேடம்?"

கதவு மெதுவாகச் சாத்தப்பட்டது.

முத்துப்பேச்சி முந்தானையால் முகத்தைத் துடைத்தார்.

"போதும் சார். இனி இந்தத் தெருவுல எனக்கு வேலயில்ல. ஒங்க வீட்டுக்கும் வரமாட்டேன்."

"முத்துப்பேச்சி..."

"படி இருக்கு சார். ரெண்டு படி. பாத்து எறங்குங்க."

சோலைமுத்து இறங்கும்வரை முத்துப்பேச்சி நின்றார். பிறகு பஸ் நிறுத்தத்தின் பக்கம் போனார்.

மாலை 6.20. கட்டிலுக்கடியில் பழைய தனி இதழ்கள் இருந்த தகரப் பெட்டி. அடியில் துவைத்த வேட்டியில் சுற்றிய புத்தகம். மடிப்புக்குள் பொட்டலம். அறிவுச்செல்வி பதினொன்றை நேராகத் திருப்பி வைத்தார். பக்கத்தில் பன்னிரண்டை நிறுத்தினார்.

"செறகு முழுசா இருக்கா?"

"இருக்கு சார்."

"சடையாண்டிக்குப் போன் போட்டு வர வேணாம்னு சொல்லணும்."

அறிவுச்செல்வி மேசையில் உட்கார்ந்து எழுதினார். எழுதியதைச் சமையலறைவரை கேட்கும்படி வாசித்தார். புத்தகம் வீட்டிலேயே இருந்தது. வைத்தவர் புகார்தாரர். முத்துப்பேச்சி குற்றமற்றவர்.



அறிவுச்செல்வி பேனாவைக் கொடுத்தார். கையெழுத்திட வேண்டிய இடத்தைக் காட்டச் சோலைமுத்துவின் விரலைப் பிடித்தார். சோலைமுத்து கையை விடுவித்துக்கொண்டார்.

"நாப்பது வருசம் கையெழுத்துப் போட்ட கை. எனக்குத் தெரியும்மா."

குனிந்து போட்டார். கையொப்பம் முத்துப்பேச்சியின் பெயர் மேல் விழுந்தது.