வெள்ளையாகவே இருந்த பஞ்சு

காலையில் கணவனின் கையிலிருந்து ஊசியை உருவிப் பஞ்சை வைத்து அழுத்தியபோது, அதில் ஒரு பொட்டுச் சிவப்புகூட ஒட்டவில்லை. பதினாறு வருஷமாக ஊரார் ரத்தத்தை எடுத்தே பிழைக்கிறவள் அவள். அப்போதே உறைத்திருக்க வேண்டும். "மூணு நாளா பசியே இல்ல, ரத்தமும் வத்திப்போச்சு போல" என்று நாற்காலியில் சாய்ந்தபடி அவன் சிரித்தான். பள்ளிக்கூடம் லீவு என்பதால் மகள் அப்பாவின் மடியில் ஏறிக்கொண்டாள். மனைவி ரத்தம் நிரப்பிய குழாய்களைப் பையில் வைத்துக்கொண்டு லேபுக்குக் கிளம்பினாள்.

ஏசியின் முனகலும், ஸ்பிரிட் வாசனையும், ரத்தத்தைச் சுழற்றிப் பிரிக்கும் இயந்திரம் வேகமெடுக்கையில் மேசை நடுங்குவதும் அவளுக்குத் தாய்வீடு மாதிரி. ஆனால் அன்று குழாயை வெளியே எடுத்தபோது, மேலே இளமஞ்சளாகத் தெளிந்து நிற்க வேண்டிய நீர் கருஞ்சிவப்பாகக் கலங்கி நின்றது, மூடியைத் திறந்ததும் பூச்சாடியில் மறந்துபோன தண்ணீரின் வாடை வந்தது.

நூறை ஒட்டி இருக்க வேண்டிய சர்க்கரை, திரையில் இரண்டு என்று வந்தது. பொட்டாசியம், இயந்திரத்தின் அளவையே தாண்டிவிட்டது.

கூட வேலை செய்யும் ஊசியக்கா எட்டிப் பார்த்து அலுத்துக்கொண்டாள். "ஏன்டி, தூக்கக் கலக்கமா? யாரோட பழைய குழாயையோ போட்டிருக்க. ரத்த அணுவெல்லாம் இருந்த சர்க்கரையைத் தின்னுட்டு உடைஞ்சு கெடக்கு. மூணு நாள் நின்ன ரத்தம் இது."

"காலையில நானே எடுத்தேன்க்கா."

"சும்மா இரு. இந்த அளவுல ஆள் உயிரோட இருப்பானா?"

காலையில் எடுத்ததில் சாம்பல் நிற மூடி போட்ட குழாய் ஒன்று மிச்சமிருந்தது. அதிலுள்ள மருந்து சர்க்கரையைக் குறையவிடாது. எடுத்த நிமிஷத்தில் உடம்பில் என்ன இருந்ததோ அதைக் காட்டிக்கொடுத்துவிடும். கும்பிடாத தெய்வமெல்லாம் கும்பிட்டுக்கொண்டு அதைப் போட்டாள்.

அதிலும் இரண்டு.

தன் ரத்தத்தை எடுத்துப் போட்டுப் பார்த்தாள். எல்லாம் ஒழுங்காக வந்தது. இயந்திரத்தில் கோளாறு இல்லை.

மூணு நாள்.

மூன்று நாள் முன்பு மழையில் அவன் நடந்தே வீடு வந்தான். வண்டி சறுக்கிவிட்டது என்றான். மறுநாள் அவள் போய்ப் பார்த்தபோது பைக் அப்பளமாக நொறுங்கிக் கிடந்தது. 'எனக்கு ஒரு கீறல்கூட இல்ல, பாரு' என்றவனைக் கட்டிக்கொண்டு அழுதிருந்தாள். அன்றிலிருந்து அவன் கை சில்லென்றுதான் இருந்தது.

ஐயோ, பிள்ளை.

ஓடினாள். செருப்பைக்கூடப் போடவில்லை.

வீட்டுக் கதவு திறந்தே கிடந்தது. உச்சி வெயில். உள்ளே சத்தமே இல்லை. பூச்சாடி வாடை.

அதே நாற்காலி. அதே சாய்வு. மகளைச் சுற்றி இரண்டு கைகள். முழங்கை மடிப்பில் பஞ்சு. வெள்ளையாக.

"ரிசல்ட் வந்துடுச்சா?"

அவன் குரல்தான். உதடு அசையவில்லை.

"அம்மா" என்றாள் மகள், விசும்பிக்கொண்டே. "அப்பா கைய எடுக்கச் சொல்லும்மா. இழுத்தாலும் வரமாட்டேங்குது."