கையடக்கப் பதிப்பு

அடுப்பு மேடைக்குக் கீழே இருந்த இழுப்பறை திறக்கவில்லை. கத்தரிக்கோல் எடுக்கப் போனவன் கைப்பிடியைப் பிடித்து இழுத்தான், வரவில்லை. மழை பெய்தால் மரம் உப்பிக்கொள்வது வழக்கம்தானே என்று இன்னொரு முறை, கொஞ்சம் பலமாக இழுத்துப் பார்த்தான். உப்பிய மரம் என்றால் ஒரு பக்கமாவது அசையும், உள்ளே கிடக்கும் கரண்டிகள் ஒன்றோடொன்று மோதிச் சத்தம் போடும். இதில் சத்தமே இல்லை, சுவரைப் பிடித்து இழுப்பதுபோல் இருந்தது. பால் பாக்கெட்டைப் பல்லால் கடித்துத் திறந்து பாத்திரத்தில் ஊற்றிவிட்டு, அதற்கு மேல் யோசிக்காமல் விட்டுவிட்டான்.

யோசிக்காமல் விடுவதில் அவன் இப்போது கைதேர்ந்தவன். மனைவி இறந்து ஒரு வருஷத்துக்கு மேல் ஆகிறது. துக்கம் இல்லை என்று சொல்ல முடியாது; பல் பிடுங்க ஊசி போட்ட பிறகு கன்னத்தைக் கிள்ளிப் பார்த்தால் எப்படி இருக்குமோ அப்படி இருந்தது. கன்னம் இருப்பது தெரிகிறது, அவ்வளவுதான். காலையில் எழுந்து எட்டு வயது மகளைப் பள்ளிக்கு அனுப்பினான், வேலைக்குப் போனான், வந்தான், சமைத்தான், படுத்தான். மனுஷன் எவ்வளவு தைரியமாக நிமிர்ந்து நிற்கிறான் பார் என்று உறவுக்காரர்கள் அவன் காதுபடவே பாராட்டினார்கள். அவனும் மறுக்கவில்லை.

அவன் வேலை பார்த்த கம்பெனி, பழைய வீடியோ கேம் பெட்டிகளைச் சின்னதாக்கி மறுபடியும் விற்கிறது. ஒரு காலத்தில் டிவிக்குக் கீழே பாதி மேஜையை அடைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்த அதே பெட்டி, இப்போது உள்ளங்கையில் அடங்கும்; அதற்கு மினி என்று பெயர். கேசட்டை எடுத்து, தூசி போக வாயால் ஊதி, செருகி, வராமல் மறுபடி ஊதி என்கிற பாடெல்லாம் இதில் கிடையாது. கொஞ்சம் விளையாட்டுகள் உள்ளேயே இருக்கும். அவை மட்டும்தான் இருக்கும், வேறு எதையும் செருக வழியில்லை. வாங்குகிறவர்கள் எல்லோரும் தலையில் நரை எட்டிப் பார்த்தவர்கள். பெட்டியைத் திறந்ததும் "அப்படியே இருக்குய்யா" என்று சொல்லிவிட்டு, ஒரு வாரம் ஆடிவிட்டு, அலமாரியில் வைத்துவிடுவார்கள்.

அந்த "அப்படியே இருக்கு" வரவேண்டியது அவன் கையிலிருந்துதான். வெளிக்கூடு அவன் பொறுப்பு. பழைய பெட்டியை அங்குலம் அங்குலமாக அளந்து, அதே முகத்தைச் சின்னதாக வரைவான். அலுவலகத்தில் அவனுக்கு மில்லிமீட்டர் என்று பெயர். மில்லிமீட்டரின் மேஜையில் ஒவ்வொரு பாகத்தைப் பற்றியும் ஒரே கேள்விதான் கேட்கப்படும். "இதை யாராவது திறப்பாங்களா?" யாரும் திறக்கமாட்டார்கள் என்றால் அந்த மூடிக்குக் கீல் தேவையில்லை, அதன் பின்னால் குழியும் தேவையில்லை. எல்லாவற்றையும் அடைத்துவிட்டு, மூடி இருந்த இடத்தில் ஒரு கோடு மட்டும் போட்டுவிடுவார்கள். கோடு சரியான ஆழத்தில் விழுந்தால் கண் அதை மூடி என்றே நம்பிவிடும். அச்சிலிருந்து வரும் முதல் கூட்டில் அவன் தன் கட்டைவிரல் நகத்தை அந்தக் கோட்டின் மேல் ஓட்டிப் பார்ப்பான். நகம் உள்ளே போகக் கூடாது.

கடைசியாக வந்த வேலையில் ஒரு சிக்கல். அளந்து பார்க்க நல்ல நிலையில் ஒரு பழைய பெட்டி கிடைக்கவில்லை. அவன் வீட்டில் ஒன்று இருந்தது. மனைவிக்குச் சின்ன வயதில் அவள் அப்பா வாங்கிக் கொடுத்தது. ஞாயிற்றுக்கிழமை சாயங்காலங்களில் அவளும் மகளும் தரையில் உட்கார்ந்து ஒரே ஆட்டத்தை விட்ட இடத்திலிருந்து தொடர்ந்து ஆடுவார்கள். தோற்றால் இரண்டு பேரும் போடும் கூச்சலில் அவன் போனை எடுத்துக்கொண்டு வெளியே ஓடுவான். அவள் போன பிறகு அதை யாரும் தொடவில்லை. இதை யாராவது திறப்பாங்களா? மாட்டார்கள். யாரிடமும் கேட்காமல் பையில் போட்டுக் கொண்டுபோனான்.

கூட்டின் தடிமனை அளக்க அதை ரம்பம் வைத்து இரண்டாக அறுத்தார்கள். செருகியிருந்த கேசட்டையும் சேர்த்தே அறுத்தார்கள். அம்மாவும் பெண்ணும் ஆட்டத்தை எங்கே விட்டார்கள் என்பதை நினைவில் வைத்திருந்த சின்ன பேட்டரி, கேசட்டிலிருந்து கழன்று மேஜையில் உருண்டது. அதைக் குப்பைத் தொட்டியில் போட்டது அவன்தான். பதிலுக்கு மினியின் முதல் மாதிரியை வீட்டுக்குக் கொண்டுவந்து, டிவிக்குக் கீழே அதே இடத்தில் வைத்தான்.

"பாரு பாப்பா. அதேதான். கொஞ்சம் சின்னதா இருக்கு, அவ்வளவுதான்."

மகள் வெகுநேரம் பார்த்தாள். "அம்மா ஆட்டம் உள்ள இருக்காப்பா?"

"எல்லாம் இருக்கு."

அவள் குனிந்து, கேசட் செருகும் மூடியை நகத்தால் நெம்பப் பார்த்தாள். திறக்கவில்லை. வேலை சுத்தம் என்று அந்த நேரத்திலும் அவனுக்குள் ஒரு சின்னப் பெருமை எட்டிப் பார்த்தது. அதற்குப் பிறகு அவள் அதைப் பற்றி ஒரு வார்த்தை கேட்கவில்லை. நல்லதாய்ப் போயிற்று என்று அவனும் விட்டுவிட்டான்.

பால் பொங்கி வரும்போது போன் அடித்தது. மனைவியின் தங்கை.

"அத்தான், பாப்பாக்கு என்ன ஆச்சு?"

"ஒண்ணும் ஆகலையே. ரூம்ல இருக்கா."

"நேத்து அவகிட்ட பேசினேன். சாப்பிட்டேன், முடிச்சுட்டேன், தூக்கம் வருது. இதையேதான் மாத்தி மாத்திச் சொல்றா. ஸ்கூல்ல யாரு உன் ஃபிரெண்டுன்னு கேட்டா, முடிச்சுட்டேங்கிறா. அம்மாவ நெனச்சுக்குவியாடின்னு கேட்டேன், அத்தான். சாப்பிட்டேங்கிறா."

"அவ பேச்சு கொஞ்சம் கம்மிதானே."

"யாரு, அவளா? செத்த நேரம் வாய மூடுடீன்னு அக்கா கையெடுத்துக் கும்பிடுவாளே, மறந்துட்டீங்களா?" தங்கையின் குரல் உடைந்தது. "அவகூட உக்காந்து பேசுங்க அத்தான். நாளைக்கின்னு தள்ளிப் போடாதீங்க."

"சரி," என்று வைத்தான்.

அவன் மகளிடம் கேட்பதும் தினம் மூன்று கேள்விதான். சாப்பிட்டியா. ஹோம்வொர்க் முடிச்சியா. தூக்கம் வருதா. கேள்விக்குத் தக்க பதில் வருகிறது, இதில் என்ன குறை என்று நினைத்தபடி அடுப்பை அணைத்தான். அப்போதுதான் அந்த வாசனை மூக்கில் ஏறியது. பாலின் வாசனை இல்லை. அச்சிலிருந்து சூடாக எடுத்த கூட்டின் வாசனை, தொண்டையில் இனிப்பாக ஒட்டிக்கொண்டு போகாமல் இருக்குமே, அது. அலுவலகத்திலிருந்து சட்டையில் ஒட்டிக்கொண்டு வந்திருக்கும் என்று சட்டையைக் கழற்றி வாளியில் போட்டான். வாசனை போகவில்லை, வீட்டின் எல்லாப் பக்கத்திலிருந்தும் ஒரே அளவாக வந்துகொண்டிருந்தது.

காற்று வரட்டும் என்று கூடத்து ஜன்னலைத் திறக்கப் போனான். வெளியே மழை கொட்டுவது கண்ணாடியில் தெரிந்தது, ஆனால் அதன் சத்தம் தலையணைக்கு அடியிலிருந்து வருவதைப்போல் மழுங்கிக் கேட்டது. கொக்கியைத் திருப்பினான். திரும்பவில்லை. விளக்கைப் போட்டுவிட்டுக் கிட்டப் போய்ப் பார்த்தான். கொக்கி இருந்தது, திருகாணி இருந்தது, திருகாணியின் தலையில் ஸ்க்ரூடிரைவர் வைக்கும் பள்ளம்கூட இருந்தது. கொக்கிக்கும் சட்டத்துக்கும் நடுவே இடைவெளி மட்டும் இல்லை. இரண்டும் ஒரே வார்ப்பு.

வேலைப் பழக்கத்தில் கட்டைவிரல் நகத்தை ஜன்னல் கதவுக்கும் சட்டத்துக்கும் நடுவே ஓட்டினான். நகம் கோட்டின் மேலேயே வழுக்கிக்கொண்டு போயிற்று.

புத்தக அலமாரிக்குப் போனான். மனைவியின் புத்தகங்கள். ஒன்றை உருவப் பார்த்தான், மொத்த வரிசையும் ஒரே பலகையாக நின்றது. தலைப்பு எழுத்துகள் விரலுக்குத் தட்டுப்பட்டன. படுக்கையறையில் அவள் துணி வைத்த பீரோவைத் தட்டினான். துணி இருந்தால் சத்தம் வேறு மாதிரி வரும். பீரோ உள்ளேயும் பீரோவாகவே இருந்தது. முகம் பார்க்கும் கண்ணாடி மேஜையின் இழுப்பறை, அவளுடைய சீப்பும் வளையல்களும் கிடக்கும் அந்த இழுப்பறை, மரத்தில் கீறிய ஒரு கட்டமாக மட்டும் இருந்தது.

குளியலறைக் கதவு திறந்தது. ஃபிரிட்ஜ் திறந்தது. வாசல் கதவைத் தொட்டுப் பார்த்தான், அதுவும் திறந்தது.

தினம் திறப்பவை எல்லாம் திறந்தன.

அவனுக்குப் பயமாக இருந்தது. ஒரு வருஷத்துக்குப் பிறகு அவன் மரத்துப்போன மனசுக்குள் நுழைந்த முதல் உணர்ச்சி அதுதான். அடைத்தது யார் என்று தேட வேண்டியிருக்கவில்லை. ஒவ்வொன்றின் முன்னாலும் நின்று, யாராவது திறப்பாங்களா என்று கேட்டு, மாட்டார்கள் என்று கடந்து போனவன் இந்த வீட்டில் வேறு யாரும் இல்லை.

அப்புறம்தான் மகளின் நினைவு வந்தது.

அவளைப் பற்றி அவன் கடைசியாக எப்போது கேட்டான்? சாப்பாட்டை அல்ல, ஹோம்வொர்க்கை அல்ல. அவளை.

ஓடினான். அவள் அறைக் கதவைத் தள்ளினான். திறந்தது. தினமும் எட்டிப் பார்க்கும் கதவு. உயிர் வந்தது.

கட்டிலில் முதுகைக் காட்டி உட்கார்ந்திருந்தாள். இரட்டைச் சடை. பள்ளிச் சீருடை. சுவரைப் பார்த்தபடி.

"பாப்பா."

"சாப்பிட்டேன்."

"அத கேக்கலடா." வாசலிலேயே நின்றான். "அம்மா ஆட்டம் அதுல இல்ல. போயிடுச்சு. பெட்டியை நான்தான் வெட்டக் குடுத்தேன். உன்கிட்ட பொய் சொன்னேன். எனக்கு அவளப் பத்திப் பேச பயமா இருந்துச்சு. அதான் உன்கிட்டயும் பேசல."

அவள் சடைகூட அசையவில்லை.

"திட்டு. கத்து. எதையாவது தூக்கி அடி. ஏதாவது சொல்லு பாப்பா."

"முடிச்சுட்டேன்."

அதே குரல். அதே இழுப்பு. நேற்றுச் சொன்னதற்கும் இதற்கும் மயிரிழைகூட வித்தியாசமில்லை.

கட்டிலைச் சுற்றி வந்தான். மண்டியிட்டான். மகளின் முகம்தான். புருவத்தின் நடுவே ஒட்டியிருந்த முடி. விழுந்து முகவாயில் அடிபட்ட தழும்பு. எல்லாம் இருந்த இடத்தில் இருந்தது. சொல்லப்போனால் ரொம்பச் சரியாக இருந்தது. கண்கள் அவன் தோளைத் தாண்டி எங்கோ பார்த்தன.

"வாயத் திற, கண்ணு."

திறக்கவில்லை.

"அப்பா பக்கத்துல இருக்கேன். திற."

"தூக்கம் வருது."

உதடு அசையவில்லை.

கட்டைவிரலை எடுத்துப்போய் இரண்டு உதடுகளுக்கும் நடுவே வைத்தான். மெதுவாக. வலிக்கக் கூடாதே என்று. இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடிவரை ஓட்டினான்.

நகம் போகவில்லை.

"இல்ல," என்றான். "இல்ல, இல்ல. நான் திறக்கறேன். நான் திறக்கறேன்டா." காதைத் தொட்டான். உள்ளே குழி இல்லை. மூக்கைத் தொட்டான். சின்ன விரல்களைப் பிரிக்கப் பார்த்தான். பிரியவில்லை, மடியில் ஒரே பிடியாக இருந்தன. கழுத்தில் முகத்தைப் புதைத்தான். புது பிளாஸ்டிக் வாசனை.

வாசல் கதவு இன்னும் திறக்கும். மகளை அள்ளித் தூக்கினான். உட்கார்ந்த வாக்கிலேயே வந்தாள். மழையில் ஓடி, சித்தி வீட்டில் கொண்டுபோய் விட்டால், சித்தி அழுவாள், இவளைக் கூப்பிடுவாள், எதையாவது செய்வாள். கனம் சரியாகத்தான் இருந்தது. எட்டு வயதுப் பெண்ணுக்கு இருக்கவேண்டிய கனம். அந்த நிம்மதியில் கூடம் வரைக்கும் வந்துவிட்டான்.

அவளுக்குள் ஏதோ நகர்ந்தது.

நின்றான். மெல்ல மறுபக்கம் சாய்த்தான். அது வழுக்கிக்கொண்டு திரும்பி வந்து, விலாவின் உட்புறத்தில் இடித்து நின்றது. டக்.

அது என்ன என்று அவனுக்குத் தெரியும். மினிக்குள் கட்டைவிரல் அகலத்துக்கு ஒரு சர்க்யூட் இருக்கும், மீதி எல்லாம் வெற்றிடம். கையில் எடுக்கிறவர்களுக்கு உள்ளே ஒன்றுமில்லை என்று தெரியக் கூடாது. அதற்காகக் கனத்துக்கு ஓர் இரும்புத் துண்டை வைத்து ஒட்டுவார்கள். சரியாக ஒட்டாவிட்டால் நகரும்.

மகளை நெஞ்சோடு இறுக்கிக்கொண்டு கூடத்தின் நடுவே நின்றான். அசையக் கூடாது, கொஞ்சமும் அசையக் கூடாது என்று மூச்சைப் பிடித்தான். முடியவில்லை. அழுகை அடியிலிருந்து கிளம்பி வந்தது, அவள் அம்மா செத்த அன்று வந்திருக்க வேண்டிய அழுகை, தோளையும் நெஞ்சையும் கையையும் உலுக்கி எடுத்தது. அவன் ஒவ்வொரு முறை விம்மும்போதும் அவளுக்குள் இரும்பு ஒரு தடவை இடித்தது.