தொண்ணூற்று நான்கு நொடி

காலை 9:40. தொட்டியைச் சுத்தம் செய்ய இறங்கிய மேஸ்திரியைப் பிணமாகத்தான் தூக்கினார்கள். முகத்தில் மூச்சுக்கவசம். அதன் குழாயில் காற்று சிலிண்டருக்குப் பதில் வேறொன்று மாட்டியிருந்தது.

அதன் நிறம், வெல்டிங் அறையின் ஆர்கான் வாயு சிலிண்டருக்கு உரியது. முந்தின நாள்தான் மேஸ்திரி வெல்டரை எல்லோர் முன்பும் அறைந்திருந்தார். இன்ஸ்பெக்டருக்கு வேறென்ன வேண்டும்? வெல்டரைப் பிடித்து வைத்தார்.

"காலையிலேர்ந்து எங்க மெஷினே ஓடல சார், கேஸ் இல்ல. நான் ஒண்ணும் பாக்கல," என்றார் பேக்கிங் சூப்பர்வைசர். வாட்ச்மேனோ, நேற்று மாலைதான் பேக்கிங்குக்குப் புது சிலிண்டர் வந்ததாகச் சொன்னார். போலீஸ் காதில் வாங்கவில்லை.

11:15. ஆலையின் சோதனைக்கூடம். வெல்டரின் அக்கா கல்லூரியில் வேதியியல் நடத்துபவள். கண்ணாடி சிரிஞ்சை நிமிர்த்தி வைத்தாள். கீழ்நுனியில் ஊசித்துளை போட்ட தகடு.

"பெயின்ட் யார் வேணா அடிக்கலாம் சார். வாயுவோட எடையை மாத்த முடியாது. கனமானது துளை வழியா மெதுவா போகும், லேசானது சீக்கிரம் போகும். ஆக்சிஜனுக்கு நூறு நொடி ஆச்சு. ஆர்கான்னா நூத்திப்பன்னெண்டு ஆகும்."

"ஆச்சுன்னா?" என்றார் இன்ஸ்பெக்டர்.

"என் தம்பியைக் கூட்டிட்டுப் போங்க."

அந்த சிலிண்டரின் வாயுவை நிரப்பி விரலை எடுத்தாள். சிரிஞ்சின் உலக்கைத் தண்டு தன் எடையில் இறங்கியது. ஐம்பது. எழுபது. நூறு தாண்டிவிட்டால் தம்பி தொலைந்தான். கண்ணை மூடிக்கொள்ளத் தோன்றியது, மூடவில்லை.

தொண்ணூற்று நான்கில் உலக்கை அடியைத் தொட்டது.

"ஆக்சிஜன் எடை முப்பத்திரண்டு. நேர விகிதத்தை வர்க்கப்படுத்திப் பெருக்கினா இருபத்தெட்டு வருது. நைட்ரஜன். இந்த ஆலையில அது பேக்கிங்ல மட்டும்தான் இருக்கு, பொட்டலம் நமுத்துப் போகாம இருக்க. வாட்ச்மேன் சொன்னாரே, நேத்து வந்த அந்த சிலிண்டர் எங்க சார்? அது இருந்தும் மெஷின் ஏன் பட்டினி?"

ஓரமாக நின்றிருந்த சூப்பர்வைசர் வாசலைப் பார்த்தார். அங்கே கான்ஸ்டபிள் நின்றார். தன் சரக்குத் திருட்டை மேஸ்திரி கண்டுபிடித்ததையும், பேக்கிங் சிலிண்டருக்கு ஆர்கான் நிறம் அடித்து மாட்டியதையும் கக்கிவிட்டார்.

12:05. தம்பியை விட்டார்கள்.

"நான் செய்யலன்னு உனக்கு முதல்லயே தெரியும்லக்கா?"

அவள் சிரிஞ்சைக் கழற்றிப் பைக்குள் வைத்தாள்.

"தெரியாதுடா," என்றாள்.