நீலப் படையின் முகம்

அறுபதாயிரம் ரிங்கிட். சிங்கப்பூரிலிருந்து வந்த ஒரு சேகரிப்பாளர் அந்த மரப்பெட்டிக்குச் சொன்ன விலை அது. சொக்கநாதன் சிரிக்கக்கூட இல்லை. "காப்பி ஆறுது, குடிச்சிட்டுக் கிளம்புங்க" என்றாராம். பெட்டிக்குள் இருந்தவை நாற்பது மரக்காய்களும் ஒரு மடக்குப் பலகையும்தான். அவருடைய மகள் சிகப்பி பதினான்கு வயதில், ஆஸ்பத்திரிக் கட்டிலில் சாய்ந்தபடியே யோசித்து, தன் கையால் வரைந்த ஆட்டம். அந்தக் கட்டிலை விட்டு அவள் வீடு திரும்பவில்லை. விற்க மறுக்கிறவனுக்கு இன்னும் பசிக்கவில்லை என்று வியாபாரிகள் காத்திருப்பார்கள். சொக்கநாதன் விஷயத்தில் எத்தனை நாள் காத்திருந்தாலும் பலன் இல்லை.

சனிக்கிழமை இருட்டும் நேரத்தில், பெர்மாஸ் ஜெயா குடியிருப்பிலிருந்த தன் வீட்டின் முன்னறையில், அந்தப் பலகைக்கு முன்னால் அவர் செத்துக் கிடந்தார்.

இன்ஸ்பெக்டர் கஸ்தூரி உள்ளே வந்தபோது மின்விசிறி இன்னும் சுற்றிக்கொண்டிருந்தது. பின்மண்டையில் ஒரே அடி. சம்பல் இடிக்கும் கல் உலக்கை நாற்காலிக்கடியில், ஈரத்துணியால் துடைக்கப்பட்டு. மேஜையில் இரண்டு கோப்பைத் தேநீர். இரண்டிலும் ஆடை படர்ந்திருந்தது. பலகையில் ஆட்டம் பாதியில் நின்றிருந்தது.

காய்கள் சின்னக் கதவுகளைப்போல நிமிர்ந்து நின்றன. ஒரு பக்கம் படம், மறுபக்கம் வெறும் சாயம். செத்தவர் பக்கம் சிவப்புப் படை. எதிரே காலி நாற்காலி, அதன் பக்கம் நீலம். கஸ்தூரி சுற்றிப் போய்க் காலி நாற்காலிக்கு அருகே குனிந்து பார்த்தாள். யாளி, வேதாளம், ஒற்றன், முன்வரிசையில் ஒரு சிம்மாசனம். நடுவிலிருந்த ஆற்றைக் கடந்து இரண்டு நீலக் காய்கள் சிவப்புப் படையை முட்டி நின்றன: ஒரு குதிரைவீரன், ஒரு கிணறு. கிணற்றுக்குள்ளிருந்து ஒரு கை நீண்டிருந்தது. சாகப்போகிற பிள்ளை வரைந்த கை. எல்லாவற்றையும் படமெடுக்கச் சொன்னாள்.

"தோத்தவன் அடிச்சிட்டான், புவான்" என்றார் சார்ஜன் வசந்தன், மேலதிகாரியை மலாயில் அழைக்கும் மரியாதையோடு. "பக்கத்து வீட்டுக் கேமராவுல ஆளும் விழுந்திருக்கான். கேஸ் முடிஞ்சது லா."

"நீங்க கடைக்குப் போனா சார்ஜன், முதல்ல சொன்ன விலைக்கே வாங்கிட்டு வந்துடுவீங்க."

குளுவாங் சந்தையில் துணிக்கடை போட்டவரின் மகள் அவள். முதல் விலை யார் வாயிலிருந்து வருகிறது, ஏன் வருகிறது என்று பார்க்காமல் பையைத் திறக்க மாட்டாள்.

சடலத்தை முதலில் கண்டவள் சமையல்காரி தனலெட்சுமி. படிக்கட்டில் உட்கார்ந்து முந்தானையால் மூக்கைத் துடைத்தாள்.

"சனிக்கிழமை மத்தியானச் சோத்தப் போட்டுட்டு நான் தங்கச்சி வீட்டுக்குப் போயிருவேங்க. திரும்பி வந்தா இப்படி."

"ஐயா யாரோட விளையாடுவார்?"

"யுகேன் தம்பி மட்டும்தான். சிகப்பி பாப்பாவோட ஒண்ணாப் படிச்ச பிள்ளை. பாப்பா உக்காந்த நாற்காலியில ஐயா வேற யாரையும் விட்டதில்ல."

"வேடிக்கை பார்க்கிறவங்க?"

"லோகேஸ் தம்பி. ஐயாவோட அக்கா மகன், இங்கயேதான் இருக்கு. ஐயா முதுகுக்குப் பின்னால நின்னு பாக்கும். மறுபக்கம் போனா ஐயா கத்துவாரு, எதிராளி படையை எட்டிப் பாக்குறது களவுன்னு."

"இன்னிக்குச் சாப்பாட்டுல ஏதாவது பேச்சு?"

அவள் தயங்கினாள். "யுகேன் கல்யாணத்துக்கு அந்தப் பெட்டிதான் மொய்னு ஐயா சொன்னாருங்க. லோகேஸ் தம்பி பாதிச் சோத்துல கை கழுவிருச்சு."

லோகேஸ்வரன் இஸ்திரி கலையாத சட்டையோடு வந்தான். கண்கள் சிவந்திருந்தன.

"சாப்பிட்டதும் ஜேபி டவுனுக்குப் படம் பார்க்கப் போயிட்டேன், மேடம். டிக்கெட் இருக்கு. நான் போறப்ப அம்மான் படையை அடுக்கிக்கிட்டு இருந்தார்."

"அறுபதாயிரம் சொன்ன சிங்கப்பூர்க்காரரைக் கூட்டிட்டு வந்தது யாரு?"

"நான்தான். தப்பா? சும்மா கிடக்கிற பெட்டி."

"இந்தக் காய்களைத் தொட்டிருக்கீங்களா?"

"சிவப்பைத் தொடுவேன், துடைச்சு வைப்பேன். நீலம் யுகேனோடது. அதுல கை வச்சா அம்மான் விரலை முறிச்சிடுவார். வெட்டுப்பட்ட நீலக்காயைத்தான் நான் முகம் பார்த்திருக்கேன்." சொல்லிவிட்டு உடனே சேர்த்தான்: "அவனைப் பிடிச்சாச்சா?"

பிடித்திருந்தார்கள். யுகேந்திரன் சிகாமட்டுக்காரன், சிங்கப்பூர்த் தொழிற்சாலையில் வேலை. லாக்கப் உடையில் தோள்கள் ஒடுங்கியிருந்தன. தூக்கிலிருந்து தப்பினால் முப்பது வருஷம், தப்பாவிட்டால் கயிறு என்று வசந்தன் வழியிலேயே அவனுக்குச் சொல்லி முடித்திருந்தார்.

"பெல் அடிச்சேன், மேடம். அங்கிள் தூங்குறார்னு நினைச்சு மரத்தடியில காத்திருந்தேன். போன் போட்டேன், எடுக்கல. கிளம்பிட்டேன்."

"கேமராவுல நீ கேட்டுக்கு வர்றதும், ரொம்ப நேரம் கழிச்சுப் போறதும் மட்டும்தான் இருக்கு. மரம் இல்ல."

"மரம் எங்க போகும், மேடம்? அங்கதான் நிக்குது." குரல் உடைந்தது. "அடுத்த மாசம் எனக்குக் கல்யாணம். பெரியவங்க இடத்துல நின்னு நடத்தித் தர்றேன்னு அங்கிள்தான் சொல்லியிருந்தார்."

கஸ்தூரி ஒரு வெற்றுத் தாளை அவன் முன்னால் தள்ளினாள். "ஆட்டத்தைச் சொல்லிக் கொடு. ஒண்ணும் தெரியாதவளுக்குச் சொல்ற மாதிரி."

அவன் கோடு கிழித்தான். ஆளுக்கு இருபது காய். முகம் தன் பக்கம், முதுகு எதிரி பக்கம். மோதும்போதுதான் இரண்டும் திரும்பும். வலுத்தது நிற்கும், இளைத்தது சாகும். எதிரியின் சிம்மாசனத்தைத் தொட்டால் ஜெயம்.

"உன் சிம்மாசனத்தை எங்க வைப்ப?"

"கடைசி வரிசையில, சுத்திக் கிணறு வச்சு. தெரியாம மோதுறவன் கிணத்துல விழுந்து சாவான்."

"முன்வரிசையில வச்சா?"

அன்று முதல் தடவையாக அவன் சிரித்தான். "கைக்குழந்தையை ஹைவேயில உட்கார வச்ச மாதிரி, மேடம்."

"சரி. கிணத்தை நகர்த்தி..."

"நகராது. கிணறும் சிம்மாசனமும் வச்ச இடத்துலயே நிக்கும். சிகப்பி போட்ட சட்டம் அது. கிணறு எப்படி நடக்கும்?"

கஸ்தூரி எழுந்துவிட்டாள். "சார்ஜன், நீலக் காய் இருபதிலும் ரேகை எடுங்க. இப்பவே."

மறுநாள் காலை, அதே அறை. பலகை அப்படியே இருந்தது. லோகேஸ்வரனை அம்மானின் நாற்காலிக்குப் பின்னால் நிற்கவைத்தாள்.

"வழக்கமா நிக்கிற இடம்தானே? என்ன தெரியுது?"

"சிவப்போட முகம். நீலத்தோட முதுகு."

"இந்தப் பக்கம் வாங்க."

அவன் அசையவில்லை. வசந்தன் முழங்கையைத் தொட்டதும் வந்தான். சிகப்பியின் நாற்காலிக்கு அருகே நின்று குனிந்தான். கிணற்றுக் கை அவனை நோக்கித்தான் நீண்டிருந்தது. முன்வரிசைச் சிம்மாசனத்தைப் பார்த்தான்.

"கிணறு ஆத்தைத் தாண்டி நடந்து வந்திருக்கு" என்றாள் கஸ்தூரி. "இந்த ஆட்டத்தை ஒரு தடவை ஆடினவன்கூட இப்படிச் செய்ய மாட்டான். ஆனா சிவப்புப் பக்கம் ஒரு தப்பும் இல்ல. நகர்ற காய்தான் நகர்ந்திருக்கு. அப்ப இதைப் பாதி ஆட்டமா ஜோடிச்சவன் சிவப்பு முகம் தெரியுற இடத்துல நின்னிருக்கான். பெட்டியிலிருந்து நீலத்தை எடுத்து, முதுகைத் தன் பக்கம் திருப்பி, கைக்கு வந்தபடி நட்டுட்டு, ரெண்டை முன்னால தள்ளியிருக்கான். அந்தக் காய்க்கு அந்தப் பக்கம் முகம் இருக்குங்கிற நினைப்பே வரல. எத்தனையோ வருஷமா, நிக்கிற நீலத்தோட முதுகை மட்டுமே பார்த்தவனுக்கு எப்படி வரும்?"

"யுகேனே வேணும்னு இப்படி வச்சிருக்கலாமே, புவான்?" என்றார் வசந்தன்.

"வச்சவன் அதை நம்மகிட்டச் சொல்லித் தப்பிக்கப் பார்ப்பான். அவன் பலகையைப் பத்தி வாயே திறக்கல. அதுல என்ன இருக்குன்னே அவனுக்குத் தெரியாது." லோகேஸ்வரன் பக்கம் திரும்பினாள். "படத்துக்குக் கிளம்புறதுக்கு முன்னாலேயே அடிச்சு, உலக்கையைத் துடைச்சீங்க. நீலத்தைத் துடைக்க முடியல. துடைச்சா யுகேனோட ரேகையும் போயிடும், அது உங்களுக்கு வேணும். அதனால அவன் ரேகைக்கு மேல உங்க ரேகை இருக்கு. கிணத்து மேல பெருவிரல். நீங்க தொடவே தொடாத நீலம்."

அவன் காலி நாற்காலியின் முதுகைப் பிடித்துக்கொண்டான்.

"அக்கா மகன் நான்" என்றான் லோகேஸ்வரன், காய்களிடம் சொல்வதுபோல. "எத்தனை சனிக்கிழமை நின்னுக்கிட்டே பாத்தேன். ஒரு தடவை... ஒரே ஒரு தடவை, அந்த நாற்காலியில உக்காருடான்னு சொல்லல. பெட்டியையும் அவனுக்கே தூக்கிக் குடுக்குறேன்னாரு."

விலங்கு பூட்டும் சத்தம் சின்னதாக இருந்தது.

மத்தியானம் யுகேந்திரனை அந்த வீட்டுக்குக் கூட்டி வந்தார்கள். வழக்கு முடியும்வரை பெட்டி போலீஸ் வசம். காய்களைச் சரிபார்த்துக் கொடுக்கத் தெரிந்தவன் அவன் ஒருவன்தான். தரையில் கழுவிய ஈரம் காயவில்லை. கையுறை மாட்டிக்கொண்டு ஒவ்வொரு காயாகப் பெட்டிக்குள் படுக்கவைத்தான். கிணற்றைக் கடைசியாக எடுத்து, அந்தக் கையை ஒருமுறை பார்த்துவிட்டு வைத்தான்.

"எல்லாம் இருக்கா?" என்று கேட்டாள் கஸ்தூரி.

"சிவப்பு இருபது. நீலம் இருபது. பலகை ஒண்ணு." மேஜையின் இரண்டு பக்கமும் பார்த்தான். "நாற்காலி ரெண்டு. ஆடுறதுக்கு ஆள் ஒண்ணு."

பெட்டியை மூடினான்.

"ஒண்ணு குறையுது, மேடம்."