மையத்து வான் முதலில் ஏறட்டும்!

"யா அல்லாஹ்… என்ன உட்டுட்டுப் போயிட்டீங்களே!"

ஆற்றங்கரையே அதிர்ந்தது!

வெள்ளை வான் வண்டி ஒன்று துறைக்குள் பாய்ந்து வந்து நின்றது. உள்ளே பச்சைத் துணி போர்த்திய சந்தூக்கு, பிரேதம் வைக்கும் பெட்டி. பக்கத்தில், வெள்ளைச் சேலை முக்காட்டை மூக்குவரை இழுத்துவிட்ட ஒரு பெண். அழுது அழுது கட்டிய தொண்டை… கேட்கிறவனுக்கு ஈரக்குலை நடுங்கும்!

பாதைக்காரன் றவூப் ஓடி வந்தான். லொறி, கார், மாடு, மனிதர் எல்லாவற்றையும் ஏற்றி ஆற்றைக் கடத்தும் பலகை மிதவைக்கு இந்தப் பக்கம் பாதை என்றுதான் பெயர். கரைக்குக் கரை கட்டிய கம்பிக்கயிற்றை இழுத்தால் நகரும். விட்டால் நிற்கும்.

காலையிலிருந்து றவூப் ஒவ்வொரு வண்டியையும் உற்று உற்றுப் பார்த்துத்தான் ஏற்றினான்.

கல்முனையில் அபுல் ஹஸன் ஹாஜியாரின் நகைக்கடை கொள்ளை! கலியாணத்துக்கு நிற்கும் குமர்களுக்கு நகை செய்ய ஊரார் கொடுத்த தங்கமெல்லாம் போச்சு. ஹாஜியார் மாரடைப்பு என்று படுத்த படுக்கை. கடைக் காவல்காரன் மீராமுகைதீனைப் பொலிஸ் உள்ளே போட்டு நொறுக்கிக்கொண்டிருந்தது.

மீராமுகைதீன், றவூப்பின் காக்கா, கூடப்பிறந்த அண்ணன்!

நகை ஆற்றைக் கடக்குமுன் பிடிபட்டால் காக்கா வீட்டுக்கு வருவார். கடந்துவிட்டால்… வெலிக்கடைச் சிறைதான்!

துறையில் ஒவ்வொரு வண்டியாகத் துழாவிக்கொண்டிருந்த பொலிஸ்காரர் குணம், வானைக் கண்டதும் தொப்பியைக் கழற்றினார்.

"மையத்து வண்டிய மறிக்கேலா றவூப். முதல்ல ஏத்து! நானும் வாறன்."

வரிசையில் நின்ற லொறிகள் ஒதுங்கின. ஒருவர் முணுமுணுக்கவில்லை.

பாதை நகர்ந்தது. கயிற்றை இழுத்தபடியே றவூப் டிரைவரிடம் கதை கொடுத்தான். வெளியூர் முகம்!

"யாரு தம்பி மௌத்து?"

"அக்கரை ஆளு காக்கா. கல்முனையில மக வீட்ட மௌத்தாகிட்டாரு."

"குளிப்பாட்டியாச்சா?"

"ஓம். கபன் துணி சுத்தி, தொழுதும் ஆச்சு. இனி அடக்குறதுதான்."

"கூட வாறது?"

"மையத்துட பொஞ்சாதி."

றவூப்பின் கை கயிற்றில் அப்படியே நின்றது.

பொஞ்சாதியா?!

புருசன் கண்ணை மூடினால் அவளுக்கு இத்தா. நாலு மாதம் பத்து நாள் வீட்டோடு இருக்க வேண்டியவள். அடக்கப் போகிற மையத்துக்குப் பின்னால் வானில் ஏறி ஆறு தாண்டுகிறாளாம்!

தன் கணக்குப் பிழைத்தால்? மையத்தை அவமதித்தவன் என்று ஊரே தோலை உரிக்கும். ஆனால் காக்காவின் வீங்கிய முகம் கண்ணுக்குள் நின்றதே!

கயிற்றை விட்டான். நட்டாற்றில் பாதை நின்றது.

"ஏன் நிப்பாட்டின?" டிரைவர் சீறினான்.

"கயிறு சிக்கிட்டு தம்பி. பொறுங்க."

பன்புல் பாய்க் கட்டோடு பயணிகளுக்கு நடுவே நின்ற சபியா உம்மாவிடம் போனான்.

"சாச்சி… அந்தப் பொம்புள தனிய அழுவுது. ஆறுதல் சொல்லுங்களன்."

சபியா உம்மாவுக்கு அது போதாதா! எந்த மௌத்து வீட்டிலும் முதல் அழுகை அவளுடையது.

"என்ட புள்ளேய்! அல்லாஹ்ட நாட்டம் மகள்!"

வானுக்குள் பாய்ந்து வெள்ளைச் சேலையைக் கட்டிப்பிடித்து, கன்னத்தோடு கன்னம் வைத்து…

"அல்லாவே! குத்துதுடா றவூப்! ஆம்புளடா இது!"

தொபுக்கடீர்!

வெள்ளைச் சேலை ஆற்றில் குதித்தது. ஈரச்சேலை காலைச் சுற்ற, இரண்டு முடக்குத் தண்ணீர் குடித்தது. றவூப் நீளக் கம்பை நீட்டிக் கொக்கியில் கொளுவி இழுத்தான். டிரைவரைப் பயணிகள் அமுக்கினார்கள்.

குணம் சந்தூக்கைத் திறந்தார்.

கபன் துணிக்குள் வாழைமரக் குத்தி! அதன் அடியில் தகதகவென்று… தாலிக்கொடி, காப்பு, அட்டியல்!

"சேர்… என்ட காக்கா வெளிய வந்திருவாருதானே?" றவூப் குலுங்கி அழுதான்.

"ஓம்டாப்பா, வருவார். முதல்ல இந்தக் கள்ளன்ட மூஞ்சியப் பாப்பம்!"

முக்காடு விலகியது.

தாடி மழித்த கன்னம்… ஆனாலும் தெரியாத முகமா அது?

பாதை முழுக்கத் திகைத்தது.

அபுல் ஹஸன் ஹாஜியார்!

"என்ட கடையில நானே எடுத்தா… அது களவா?" ஹாஜியார் இருமினார்.

"ஊராக்கள்ட தங்கம்! அதுக்கு என்ட காக்காவ அடிவாங்க வெச்சீங்களே!"

குணம் விலங்கை மாட்டினார். றவூப் கண்ணைத் துடைத்துக்கொண்டு, விலகிக் கிடந்த முக்காட்டை எடுத்து ஹாஜியாரின் தலையில் மரியாதையாகப் போட்டுவிட்டான்.

"கவலப்படாதீங்க ஹாஜியார்! இத்தாவ ஸ்டேசன்ல இருங்க… அங்க வெளிய போகக் கேட்டாலும் உடமாட்டாங்க!"