பாவடித் தெருவுக்கு இழவுத் தண்ணீர்

"வீல்...!"

பம்ப் ஹவுஸைக் கூட்ட வந்த சரிதாவின் அலறலில், மேல்நிலைத் தொட்டியில் உட்கார்ந்திருந்த புறாக்கள் மொத்தமாய்ப் பறந்தன.

கையிலிருந்த விளக்குமாறு எங்கே போய் விழுந்தது என்று அவளுக்கே தெரியவில்லை.

மோட்டாருக்குப் பக்கத்தில் ஓர் ஆள் குப்புறக் கிடந்தான். நீலச் சட்டை. முதுகில் 'நீலமணி வாட்டர் சர்வீசஸ்' என்று கொட்டை எழுத்து. பின்மண்டை இருக்க வேண்டிய இடத்தில்...

வேண்டாம். காலை டிபன் முடிக்காதவர்கள் இருப்பீர்கள்.

வெள்ளரிப்பாளையம் போலீஸ் ஸ்டேஷனின் இன்ஸ்பெக்டர் சத்யபிரியா வந்து சேர்ந்தபோது வெயில் ஏறியிருந்தது. கூடவே ஏட்டு செங்கோடன். ரிட்டயர்மெண்டை எதிர்நோக்கியிருப்பவர். வாய் மட்டும் ரிட்டயராகாது.

"அன்பழகனுங்கம்மா," என்றார் செங்கோடன். "கம்பெனியோட மேனேஜரு. பாவடித் தெரு சௌந்திரத்தோட ஒத்தப் பையன்."

உடம்புக்குப் பக்கத்தில் ஓர் இரும்புக் கம்பி கிடந்தது. தலைப்பில் குறுக்குக் கைப்பிடி. தெருத்தெருவாய் வால்வு திறக்க நகராட்சி வாட்டர்மேன்கள் தோளில் போட்டுக்கொண்டு போவார்களே, அந்தச் சாவி. கைப்பிடியில் இருந்த ரேகைகளை யாரோ சுத்தமாய்த் துடைத்திருந்தார்கள்.

பாக்கெட்டில் பர்ஸ் இருந்தது. செல்போன் இல்லை.

சத்யபிரியா அந்த நம்பருக்கு அடித்தாள். தொடர்பு எல்லைக்கு வெளியே! சைபர் செல்லுக்குச் சொன்னால், ரெண்டு நாள் ஆகும் என்றார்கள்.

"சாவி யாரோடதுங்க ஏட்டய்யா?"

செங்கோடன் தொண்டையைச் செருமினார்.

"சின்னராஜோடதுங்கம்மா. தண்ணியக் கம்பெனிக்கு உட்டப்ப வேலையத் தொலைச்சானே, அவன்."

சின்னராஜின் கதை ஊருக்கே தெரியும்.

வெள்ளரிப்பாளையத்தில் நாலு நாளைக்கு ஒருமுறை ஒவ்வொரு தெருவுக்கும் காவிரித் தண்ணீர். அதுதான் முறை. ஆனால், ஒரு தெருவில் இழவு விழுந்தால் முறை கிடையாது! பிணத்தைக் குளிப்பாட்ட வேண்டும், சுடுகாட்டுக்குப் போய் வந்தவர்கள் தலை முழுக வேண்டும், வீடு கழுவ வேண்டும். விஷயம் காதில் விழுந்த உடனே வாட்டர்மேன் சாவியோடு ஓடிவந்து அந்தத் தெருவுக்குத் திறந்து விடுவான். நகராட்சியின் எந்தச் சட்டத்திலும் இது இல்லை. எந்தக் கமிஷனரும் தடுத்ததும் இல்லை.

பிறகு ஹைதராபாத் கம்பெனி வந்தது. வால்வுகள் பூட்டப்பட்டன, எல்லாம் செல்போனில் திறக்கும் சமாச்சாரமாயின. வாட்டர்மேன்களை வீட்டுக்கு அனுப்பினார்கள். சாவிகள் குப்பைக்குப் போயின.

போன மாசம் சின்னராஜின் மனைவி சின்னாயி செத்துப்போனாள்.

இருபது வருஷம் ஊர் இழவுக்கெல்லாம் தண்ணீர் திறந்தவன், தன் மனைவிக்காகக் கம்பெனி வாசலில் போய் நின்றான். சிஸ்டத்தில் அதற்கு இடமில்லை என்று சொல்லிவிட்டார்கள். கடையில் வாங்கிய கேன் தண்ணீரை ஊற்றித்தான் அவளைக் குளிப்பாட்டினார்கள். அன்றைக்குச் சின்னராஜ் தெருவில் நின்று அன்பழகனைப் பார்த்துக் கத்தியதை ஊரே கேட்டது. உன் பொணத்துக்கும் தண்ணி கெடைக்காதுடா!

சாவி யாருடையது என்று தெரிந்த அரை மணி நேரத்தில் சின்னராஜ் ஸ்டேஷன் பெஞ்சில் இருந்தான்.

"என்ற சாவிதானுங்க," என்றான், தரையைப் பார்த்தபடி. "அது பம்ப் ஹவுஸு குப்பையில கெடந்து ரெண்டு வருசமாச்சுங்க. நான் ஊட்ட உட்டே வரலீங்க."

"யாராச்சும் பாத்தாங்களா?"

"பாக்கறதுக்கு ஊட்ல யாருங்க இருக்கறாங்க?"

டி.எஸ்.பி. போனில் வந்தார். கம்பெனிக்காரர்கள் சென்னையில் யார் யாரையோ பிடித்திருந்தார்கள். சாவி அவனுடையது, சபதம் அவனுடையது, இன்னும் என்ன வேண்டும் என்று எரிந்து விழுந்தார். சாயங்காலத்துக்குள் சின்னராஜை மாஜிஸ்ட்ரேட் முன்னால் நிறுத்தி ரிமாண்ட் செய்தாக வேண்டும். கொலைக் கேஸ். உள்ளே போனால் அவனுக்கு ஜாமீன் எடுக்கக்கூட ஆள் கிடையாது.

ஒரே ஒருவர் மட்டும் அவனுக்காக வந்தார்.

அப்புசாமி! தண்ணீர் மீட்புக் குழுத் தலைவர். கம்பெனியை எதிர்த்து ரெண்டு வருஷமாய் உண்ணாவிரதம், மறியல் என்று ஊரைக் கட்டி இழுப்பவர். செத்துப்போன அன்பழகனுக்குத் தாய்மாமன் வேறு. கண்ணெல்லாம் சிவந்திருந்தது.

"அம்மிணி, செத்தது என்ற மருமவனுங்க. ஆனாலும் சொல்றேன், சின்னராஜு பண்ணியிருக்க மாட்டானுங்க. அவனை உட்ருங்க."

"அப்ப யாருங்க?"

"கம்பெனிக்குள்ளயே பாருங்க."

சொந்த மருமகன் செத்துக் கிடக்கும்போது அடுத்தவனுக்காகப் பேச ஒரு மனசு வேண்டும். சத்யபிரியாவுக்கு அவர்மேல் மரியாதை வந்தது.

பெற்றவளுக்கு இன்னும் யாரும் சொல்லியிருக்கவில்லை. அப்புசாமியால் முடியவில்லை, நீங்களே சொல்லிவிடுங்கள் என்று கையெடுத்துக் கும்பிட்டார்.

சத்யபிரியா பாவடித் தெருவுக்குள் ஜீப்பைத் திருப்பினாள்.

திருப்பியவள் பிரேக்கை மிதித்தாள்.

தெருவே ஜேஜே என்றிருந்தது. எல்லாக் குழாயிலும் தண்ணீர்! குடம், அண்டா, பக்கெட் என்று கைக்குக் கிடைத்ததையெல்லாம் வைத்துப் பெண்கள் பிடித்துக்கொண்டிருந்தார்கள்.

நாலாவது வீட்டு வாசலில் சௌந்திரம். புடவையை இழுத்துச் செருகிக்கொண்டு, நிரம்பிய குடத்தைத் தூக்கப்போனவள் போலீஸைப் பார்த்து நிமிர்ந்தாள்.

"வாங்க அம்மிணி. இன்னைக்கி எங்க முறையே இல்லீங்க. விடிஞ்சதும் விடியாததுமா வந்துருச்சுங்க. கையுங் காலும் ஓடலீங்க எனக்கு... எந்த ஊட்டுல எழவோன்னு தெருப்பூரா விசாரிச்சுட்டு வந்தனுங்க. நல்ல வேளை, யாருக்கும் ஒண்ணும் இல்லீங்க."

சத்யபிரியா கைக்கடிகாரத்தைப் பார்த்தாள்.

பிணத்தை சரிதா பார்த்ததே காலை ஒன்பது மணிக்கு மேல். தண்ணீர் வந்ததோ விடியற்காலையில்!

இழவு யாருக்கும் தெரிவதற்கு முன்பே, இழவு வீட்டுக்குத் தண்ணீர் திறந்தது யார்?

கொன்றவன்!

அவள் விஷயத்தைச் சொன்னாள். எப்படிச் சொன்னாள் என்று இங்கே எழுதப்போவதில்லை. குடம் கவிழ்ந்து, தண்ணீர் வாசலெல்லாம் ஓடியது என்பதோடு நிறுத்திக்கொள்ளலாம்.

அங்கிருந்து நேராகக் கம்பெனி ஆபீஸ். கம்ப்யூட்டர் முன்னால் இருந்த ஆபரேட்டர் ஹைதராபாத்காரன், தமிழ் அரைகுறை. வால்வு விவரமெல்லாம் கம்பெனி சொத்து, தலைமை ஆபீஸுக்கு மெயில் போட்டால் பதில் வரும் என்று ஆரம்பித்தான். செங்கோடன் அவன் தோளில் கையைப் போட்டு, ஸ்டேஷனில் வைத்துப் பேசலாமா என்று அன்பாகக் கேட்டார். பதில் அங்கேயே வந்துவிட்டது.

"பாவடித் தெரு வால்வ் மேனேஜர் சார் திறந்தது மேடம். அவர் போன்ல இருந்து."

"எப்ப?"

"சன்ரைஸ் டைம்."

செங்கோடன் சத்யபிரியாவைப் பார்த்தார். இருட்டு பிரிவதற்கு முன்பே உயிர் போய்விட்டது என்று ஆஸ்பத்திரியிலிருந்து டாக்டர் அப்போதுதான் போனில் சொல்லியிருந்தார்.

"செத்தவன் எந்திரிச்சுத் தண்ணி உட்டானாங்கம்மா?"

"அவரு போனை வேற யாராச்சும் எடுத்துத் திறக்க முடியுமா?" என்றாள் சத்யபிரியா, ஆபரேட்டரிடம்.

"முடியாது மேடம். சாரோட ஃபிங்கர் வெச்சாத்தான் ஓப்பன் ஆகும். ஆனா ஒய் மேடம்? செத்துப்போனா எதுக்குத் தண்ணி?"

இவன் இல்லை. இந்தக் கேள்வியைக் கேட்கிறவன் அந்தத் தண்ணீரைத் திறந்திருக்க முடியாது.

சத்யபிரியா கண்ணை மூடி அந்தக் காட்சியைப் பார்த்தாள். கொன்றவன் ஓடவில்லை. பிணத்துக்குப் பக்கத்திலேயே விடியும் வரை உட்கார்ந்திருக்கிறான். பிறகு செத்தவனின் விரலை எடுத்து, செத்தவனின் போனில் வைத்து, செத்தவனின் வீட்டுக்கே இழவுத் தண்ணீர் விட்டிருக்கிறான்...

வெறுத்துக் கொன்றவன் இதைச் செய்ய மாட்டான். சின்னராஜ் சத்தியமாய்ச் செய்திருக்க மாட்டான். பட்டன் போனையே பயந்து பயந்து அழுத்துகிறவன் அவன். இது அந்த வீட்டின் மேல் பாசம் வைத்த ஆள்.

டி.எஸ்.பி.யிடம் சொன்னாள். பாசத்தையெல்லாம் கோர்ட்டில் மார்க் பண்ண முடியாது, சாயங்காலம் ரிமாண்ட் என்று போனை வைத்துவிட்டார்.

அப்போதுதான் சத்யபிரியா அந்த முடிவுக்கு வந்தாள். பாவகரமான முடிவு. அவளுக்கே பிடிக்கவில்லை. ஆனால் ஸ்டேஷன் பெஞ்சில் ஒரு நிரபராதி உட்கார்ந்திருந்தான்.

"பாவடித் தெரு வால்வைக் கம்ப்யூட்டர்லயே மூடு," என்றாள் ஆபரேட்டரிடம். "நான் சொல்ற வரைக்கும் திறக்காதே."

மதியம் மூன்றரைக்குப் போஸ்ட்மார்ட்டம் முடிந்து உடல் வந்தது. வாசலில் பந்தல், பெஞ்சின் மேல் அன்பழகன். கைக்கட்டை அவிழ்த்துவிடும்படி சத்யபிரியா ஆஸ்பத்திரியிலேயே சொல்லியிருந்தாள்.

குழாயில் தண்ணீர் இல்லை. காலையில் பிடித்த தண்ணீரை, இழவுச் சேதியால் தீட்டுப்பட்டது, குளிப்பாட்ட ஆகாது என்று பெண்கள் ஒதுக்கிவிட்டிருந்தார்கள். டேங்கர் லாரி சொல்லலாம் என்றார் ஒறம்பரையாய் வந்த சொந்தக்காரர் ஒருவர். கேன் வாங்கலாம் என்றார் இன்னொருவர்.

சௌந்திரம் நிமிர்ந்து உட்கார்ந்தாள்.

"என்ற பையனுக்குக் கேன் தண்ணி ஊத்தாதீங்க. லாரித் தண்ணியும் வேண்டாம். சின்னாயிக்கு ஆன கதி என்ற சாமிக்கு வேண்டாம்... காவேரித் தண்ணி உடச் சொல்லுங்க."

சத்யபிரியா எல்லாருக்கும் கேட்கும்படி உரக்கச் சொன்னாள். கம்பெனியில் கேட்டாகிவிட்டது. முறை வராமல் திறக்க மேனேஜர் ஒருவருக்குத்தான் அதிகாரமாம். அவர் விரல்ரேகை இல்லாமல் திறக்கவே திறக்காதாம்.

சொல்லிவிட்டுப் பிணத்தின் தலைமாட்டில் போய் நின்றாள். முகங்களைப் பார்க்கவில்லை, கைகளைப் பார்த்தாள்.

மாலை போட்டவர்கள் வந்தார்கள், போனார்கள். காலைத் தொட்டுக் கும்பிட்டார்கள். அழுதார்கள்.

வெயில் சாய்ந்துகொண்டிருந்தது. டி.எஸ்.பி.யிடமிருந்து மூன்று மிஸ்டு கால்!

கடைசியில் தாய்மாமன் கோடி போடும் நேரம் வந்தது. அப்புசாமி புது வேட்டியைப் பிரித்து மருமகன் மேல் போர்த்தினார். குனிந்து, மார்பில் முகத்தைப் புதைத்து அழுதார். ஒரு கை பிணத்தின் கன்னத்தில். இன்னொரு கை...

கோடித் துணிக்கு அடியில்.

எடுக்கவே இல்லை.

வெள்ளைத் துணிக்குள் சின்னதாய் ஒரு நீல வெளிச்சம். எரிந்தது, அணைந்தது, மறுபடி எரிந்தது.

சத்யபிரியா குனிந்து, துணியோடு சேர்த்து அந்த மணிக்கட்டைப் பிடித்தாள்.

"இப்பத் திறக்காதுங்க," என்றாள், மெதுவாக. "காலையில ஒடம்புல சூடு இருந்துச்சு, திறந்துச்சு. இப்பச் சில்லிட்டுப் போச்சுங்க."

துணியை விலக்கினாள்.

அன்பழகனின் செல்போன் அப்புசாமியின் உள்ளங்கையில் இருந்தது. அதன் மேல் அன்பழகனின் கட்டைவிரல்!

பறை நின்றது. ஒப்பாரி நின்றது.

அப்புசாமி அப்படியே தரையில் உட்கார்ந்தார்.

"நாளையிலிருந்து தினமும் தண்ணி வருமுன்னான்," என்றார், யாரையும் பார்க்காமல். "புது மோட்டார ஓட்டிக் காட்டறேன், வா மாமான்னு விடியறதுக்கு முன்னால கூப்புட்டான். ஊருக்குள்ள ஓடுற டேங்கர் லாரி பூரா என்றதுதானுங்க. மச்சான் பேருல ஓடுது. கொஞ்ச நாள் தள்ளிப் போடுடான்னு கால்ல உழுவாத கொறையாக் கேட்டேன். 'உன்ற லாரிதான்னு எனக்குத் தெரியும், ஊருக்குச் சொல்லிப்போடுவேன்'னான்..."

"மறியல் பண்ணுனது?"

"கவர்மெண்ட் குடுத்தாலும் சரி, கம்பெனி குடுத்தாலும் சரி... குழாயில தண்ணி வந்தா என்ற பொழப்புக்கு எழவுதானுங்க. ரெண்டு பேரும் அடிச்சுக்கிட்டே இருந்தாத்தான் வண்டி ஓடும்."

சௌந்திரம் எழுந்து வந்தாள். அண்ணன் முன்னால் நின்றாள். அடிக்கப் போகிறாள் என்று எல்லாரும் நினைத்தார்கள்.

"தண்ணி உட்டுட்டா செரியாப் போயிருமாண்ணா?"

அவ்வளவுதான் கேட்டாள். செங்கோடன் குனிந்து அப்புசாமியின் கையில் விலங்கை மாட்டினார்.

சத்யபிரியா ஆபரேட்டருக்குப் போன் போட்டாள். காரணம் போடாமல் வால்வு திறக்காது, அதில் 'இழவு' என்று ஒரு காரணமே இல்லை என்று அவன் பரிதவித்தான். கடைசியில் 'குழாய் உடைப்பு' என்று போட்டுத் திறந்தான். ஸ்டேஷனிலிருந்து விட்ட கையோடு வந்திருந்த சின்னராஜ், யாரும் கேட்காமலே முதல் குடத்தைப் பிடித்துக் கொண்டுபோய் சௌந்திரத்தின் கையில் கொடுத்தான்.

அன்பழகன் காவிரித் தண்ணீரில் குளித்தான். பெற்றவளின் அழுகை தெருமுனை வரை கேட்டது. சத்யபிரியா தொப்பியைக் கழற்றிக்கொண்டு, அந்தத் தெருவைத் திரும்பிப் பார்க்காமல் ஜீப்பில் ஏறினாள். அவள் போட்ட தூண்டிலில் ஒரு தாயின் அழுகையும் இரையாய் இருந்ததை நினைக்க அவளுக்கு வெட்கமாயிருந்தது.

பின் சீட்டில் விலங்கோடு அப்புசாமி. பக்கத்தில் செங்கோடன். ஜீப் சங்ககிரி ரோட்டில் ஏறியது.

"ஏட்டய்யா," என்றார் அப்புசாமி, உலர்ந்த குரலில். "எனக்குச் சக்கரை இருக்குதுங்க. பிரஷர் இருக்குதுங்க. உள்ள என்னை யாருங்க பாத்துக்குவா?"

செங்கோடன் அவர் முதுகைத் தட்டிக் கொடுத்தார்.

"கவலைப்படாதீங்க தலைவரே... சோறு, தண்ணி, மருந்து எல்லாம் நேரத்துக்கு வந்துருமுங்க. ஜெயில இன்னும் தனியாருக்கு உடலீங்க!"